உத்தியோகம் யாருக்கு லட்சணம்?

“வேலையை விட்டுவிட்டானாம்!”

அம்பத்தூரின் தெரு ஒன்றில் இந்தச் செய்தி பரவ அரைமணி நேரம் போதும். திருடினான் என்றால்கூட இத்தனை வேகமாய்ப் பரவாது. குடித்து விழுந்து கிடந்தான் என்றால், “காலம் அப்படி” என்று சமாதானம் சொல்ல நாலு பேர் இருப்பர். ஆனால், மாதம் பிறந்தால் சம்பளம் தந்துகொண்டிருந்த ஒரு வேலையை, ஒருவன் தானாகவே, “எனக்கு இது வேண்டாம்” என்று கூறிவிட்டு வந்தானானால், தெருவே நீதிமன்றமாகிறது, திண்ணையெல்லாம் சாட்சிக் கூண்டாகிறது, இறுதியில் வீட்டுப் பெரியவர் தீர்ப்பு வழங்குகிறார்: “உத்தியோகம் புருஷ லட்சணம்!”

மேல்முறையீடு கிடையாது. பழமொழி அன்றோ! பாட்டன் சொன்னது, பாட்டனுக்குப் பாட்டன் சொன்னது. கேள்வி கேட்கலாமா?

கேட்கத்தான் வேண்டும். கேள்வி கேட்காமல் ஏற்றுக்கொண்டவற்றால் இந்த நாடு பட்ட பாட்டை அறிந்தவர்கள் நாம். ஆகவே, வேலையை விட்டவனைச் சற்று நேரம் வெளியே நிற்க வைத்துவிட்டு, அவனுக்குத் தீர்ப்பளித்த பழமொழியைக் கூண்டில் ஏற்றுவோம்.

மூன்று சொற்கள். மூன்றும் வடசொற்கள். அதற்காகவே தள்ளிவிடுங்கள் என்று நான் கூறவில்லை, பொருளைப் பார்ப்போம். ‘உத்யோகம்’ என்ற வடசொல்லுக்கு முயற்சி, ஊக்கம் என்பனவே பொருள். முயற்சியே மனிதனுக்கு அடையாளம் என்றால் அதை மறுப்பவர் யார்? ‘ஆள்வினையுடைமை’ என்று ஓர் அதிகாரமே வகுத்தவர் வள்ளுவர். ஆனால், முயற்சியைக் குறித்த சொல் நாளடைவில் சம்பளத்தைக் குறிக்கும் சொல்லாகச் சுருங்கிவிட்டது. இன்று ‘உத்தியோகம்’ என்றால் ஒருவன் யாரிடமோ மாதச் சம்பளத்துக்கு நிற்கிறான் என்று பொருள். முயல்பவனைப் புகழப் பிறந்த மொழி, நிற்கும் இடத்திலேயே நில் என்று மிரட்டும் மொழியாகிவிட்டது.

அடுத்த சொல், ‘புருஷ’. அப்படியானால் பெண்ணுக்கு? அவளுக்கு லட்சணம் வேறு எழுதி வைத்திருக்கிறார்கள். ஆண் வேலையை விட்டால் ஊதாரி. பெண் வேலையை விட்டால் குடும்பப் பாங்கு. திருமணத்துக்காக விடு, குழந்தைக்காக விடு, மாமியாருக்காக விடு என்று அவளிடம் கூறும் அதே வாய்தான், அவள் அண்ணனைப் பார்த்து, “விடலாமா?” என்று சீறுகிறது. ஆனால் விட்டுவிட்டு அவள் சும்மாவா இருக்கிறாள்? 2019-ஆம் ஆண்டு ஒன்றிய அரசு எடுத்த நேரப் பயன்பாட்டுக் கணக்கு கூறுகிறது: கூலியில்லாத வீட்டு வேலையில் ஈடுபடும் பெண்கள் அதற்காக நாளொன்றுக்குச் சராசரியாக 299 நிமிடம் செலவிடுகிறார்கள், ஈடுபடும் ஆண்கள் 97 நிமிடம். ஐந்து மணி நேரம் உழைப்பவளுக்கு உத்தியோகம் இல்லை என்று கூறும் பழமொழிக்கு உழைப்பு இன்னதென்றே தெரியாது என்பதற்கு வேறு சான்று வேண்டுமா?

சொற்களை விட்டு வரலாற்றுக்கு வருவோம். இந்த நாட்டில் வேலையை விடும் உரிமை யாருக்கு இருந்தது?

இமையத்தின் ‘கோவேறு கழுதைகள்’ 1994-இல் வந்த நாவல். அதில் ஆரோக்கியம் என்றொரு பெண். ஒடுக்கப்பட்டோரின் துணிகளையே வெளுத்து, அவர்களிலும் கீழாக வைக்கப்பட்ட புதிரை வண்ணார் குடியைச் சேர்ந்தவள். வீடு வீடாய் எடுத்த சோறும் களத்துமேட்டில் கிடைத்த தானியமுமே அவளுடைய ஊதியம். அவள் வேலையை விட நினைத்தால் விலகல் கடிதத்தை யாரிடம் கொடுப்பாள்? வேலைக்குச் சேர்ந்த நாள் அவளுக்கு இல்லை. பிறந்த நாள்தான் சேர்ந்த நாள். நாவலைப் படிக்கிறவர் அவளுடைய பசிக்காக அழுகிறார், நியாயம்தான். ஆனால், விட்டுப் போக வழியே இல்லாத ஓர் உழைப்பை நம் சமுதாயம் ‘தருமம்’ என்று அழைத்ததே, அதற்காக வெட்கப்படுகிறவர் எத்தனை பேர்?

சாதி என்பது என்ன? விலக முடியாத வேலை. செருப்புத் தைப்பவன் மகன் செருப்புத் தைக்க, மலம் அள்ளுபவன் மகன் மலம் அள்ள, மணியாட்டுபவன் மகன் மணியாட்ட வேண்டும் என்ற ஏற்பாடு. பலனை எண்ணாமல் பிறப்பு விதித்த கடமையைச் செய் என்ற போதனை, இந்த ஏற்பாட்டுக்குப் பூசப்பட்ட சந்தனம். 1953-இல் ராஜாஜி ஆட்சி, பிள்ளைகள் அரைநாள் பள்ளியிலும் மீதிப்பொழுது பெற்றோர் தொழிலிலும் கழிக்கலாம் என்று திட்டம் கொண்டுவந்தபோது, அதைக் குலக்கல்வி என்று பெயரிட்டுத் தமிழ்நாடு கொதித்து எழுந்ததே, ஏன்? தொழில் இழிவு என்பதற்காகவா? இல்லை, தந்தையின் தொழிலைவிட்டு விலக மகனுக்குள்ள வழியை அது அடைத்தது என்பதற்காக. மறு ஆண்டே காமராசர் ஆட்சியில் அத்திட்டம் கைவிடப்பட்டது. சற்று எண்ணிப் பாருங்கள்: தமிழ்நாட்டில் நடந்த மாபெரும் வேலை விலகல் எது? குலத்தொழிலைவிட்டு இலட்சக்கணக்கானோர் வெளியேறிய அந்த விலகல்தான். அதை நாம் விடுதலை என்றோம். ஊர்ப் பெரியவர்கள் அன்றும் ஊதாரித்தனம் என்றே சொன்னார்கள்.

சாதி மட்டுமா கட்டியது? சட்டமும் கட்டியது. 1859-இல் வெள்ளையர் ஆட்சி ஒரு சட்டம் செய்தது. முன்பணம் வாங்கிய தொழிலாளி வேலையை முடிக்காமல் விட்டால், முதலாளி அவன்மீது வழக்குப் போட்டுச் சிறைக்கு அனுப்பலாம். மூன்று மாதம் வரை தண்டனை. வேலையை விடுவது இந்தியாவில் குற்றவியல் குற்றமாக இருந்தது, தோழர்களே! அதை ஒழிக்க 1925 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அந்த முன்பணம் மனிதனை என்ன செய்தது என்பதை அறிய ‘எரியும் பனிக்காடு’ படியுங்கள். ஆனைமலைத் தேயிலைத் தோட்டங்களில் மருத்துவராயிருந்த பி.எச். டேனியல் 1969-இல் ஆங்கிலத்தில் எழுதி, இரா. முருகவேள் தமிழாக்கிய நாவல் அது. திருநெல்வேலிச் சீமையிலிருந்து கங்காணி தந்த முன்பணத்தை நம்பி மலையேறும் கருப்பனும் வள்ளியும், இறங்க வழியின்றித் தவிக்கிறார்கள். குளிரும் நோயும் கொடியவைதாம்; அவற்றினும் கொடியது, தீராத அந்தக் கணக்கேடு.

இந்த வரலாற்றோடு நம் மேற்குப் புறநகருக்கு வருவோம்.

1949-இல் அம்பத்தூரில் டி.ஐ. சைக்கிள் நிறுவனம் தோன்றியது. 1955 சனவரியில் ஆவடியில் கூடிய காங்கிரசு மாநாடு, சோஷலிச பாணிச் சமுதாயம் என்று முழங்கியது. 1959-இல் அம்பத்தூரில் டன்லப் டயர் ஆலை. 1961-இல் ஆவடியில் கனரக வாகனத் தொழிற்சாலைக்கு அடித்தளம். 1965-இல் அங்கிருந்து விஜயந்தா டாங்கி வெளிவந்தது. 1960-களின் நடுவில் அம்பத்தூர் தொழிற்பேட்டை எழுந்தது. வயலும் ஏரியுமாக இருந்த ஊர்களில் ஆலைச் சங்கு ஒலித்தது. செங்கற்பட்டுச் சீமையின் சேரியிலிருந்தும் சிற்றூரிலிருந்தும் வந்தவனுக்கு அந்தச் சங்கு என்னவாக ஒலித்திருக்கும்? பண்ணையாரின் அதட்டலிலிருந்து தப்பிய ஒலியாக! சம்பளச் சீட்டில் அவன் பெயர் இருந்தது. வருங்கால வைப்பு நிதி இருந்தது. ஒரே உணவுக்கூடத்தில் எல்லாச் சாதியாரோடும் உட்கார்ந்து உண்ண இடம் இருந்தது. அவனுக்கு உத்தியோகம் உண்மையிலேயே விடுதலைதான்.

ஆகவே, இன்று மகன் வேலையை விட்டான் என்றதும் பதறும் தந்தையை நான் ஏளனம் செய்யமாட்டேன். அவர் பழமைப் பித்தர் அல்லர், பட்டினியை அறிந்தவர். ஆனால் அவர் ஒன்றைக் கவனிக்கவில்லை. அவர் பற்றிக்கொண்ட வேலையும், அவர் மகன் விட்டுவரும் வேலையும் ஒன்றல்ல.

480 நாள் என்ற கணக்கைப் பாருங்கள். 24 மாதங்களில் 480 நாள் இடைவிடாது வேலை செய்தவனை நிரந்தரமாக்க வேண்டும் என்று 1981-இல் தமிழ்நாடு சட்டம் செய்தது. நல்ல சட்டம். அதற்கு மறுமொழியாக முளைத்தவை என்ன? ‘பயிற்சியாளர்’ என்ற பெயர், ‘ஒப்பந்தத் தொழிலாளர்’ என்ற பெயர், கணக்கு நிறையும் முன்னரே வாயிலைக் காட்டும் வழக்கம். 480-ஆம் நாளை எட்டவிடாமல் ஒருவனை வெளியேற்றும் நிர்வாகத்தைப் பார்த்து, “பொறுப்பற்றவன், நிலையாக நிற்கத் தெரியாதவன்” என்று எந்தத் திண்ணையாவது ஏசியதுண்டா?

நிறுவனங்கள் வேலையை விடுவதில்லையா? பூந்தமல்லி வழியாகப் போகும் நெடுஞ்சாலையில், திருப்பெரும்புதூரில் 2006-இல் நோக்கியா ஆலை தொடங்கியது. ஊர் ஊராய்ப் பேருந்து அனுப்பி இளம்பெண்களை அழைத்துச் சென்றது. 2014 நவம்பர் 1-இல் உற்பத்தி நின்றது. எட்டே ஆண்டுகள். டன்லப் ஆலையும் பின்னாளில் அடைபட்டுப் போயிற்று. ஆவடியின் படைக்கலத் தொழிற்சாலைகளை 2021 அக்டோபர் 1 முதல் ஒன்றிய அரசு தன் துறையிலிருந்து பிரித்து நிறுவனங்களாக மாற்றியது. அதை எதிர்த்து வேலைநிறுத்தம் செய்யக்கூடாதென்று தனிச் சட்டமே இயற்றியது. முதலாளி விட்டால் அது ‘வணிக முடிவு’. அரசு விட்டால் ‘சீர்திருத்தம்’. தொழிலாளி விட்டால் மட்டும் ‘ஒழுக்கக்கேடு’! ஒரே செயலுக்கு ஆளுக்கொரு பெயரா? இது மனுநீதி அல்லாமல் வேறென்ன?

நான் பள்ளி ஆசிரியன். என்னிடம் படித்துத் தொழிற்பயிற்சி முடித்துத் தொழிற்பேட்டைக்குப் போன பிள்ளைகளில் சிலர், ஆறு மாதத்தில், ஓராண்டில் விட்டுவந்திருக்கிறார்கள். ஏன் என்று கேட்டிருக்கிறேன். பன்னிரண்டு மணி நேரம் நின்ற கால் வீங்கிய கதையைச் சொன்னார்கள். கழிப்பறைக்குப் போக மேற்பார்வையாளரின் தலையசைப்புக்குக் காத்திருந்ததைச் சொன்னார்கள். பக்கத்தில் நிற்பவரும் அதே வேலையைச் செய்கிறார், அவருக்கு என்னைப் போல் மூன்று மடங்கு சம்பளம் என்றான் ஒருவன். “எந்த ஊர், எந்தத் தெரு” என்று சுற்றி வளைத்துச் சாதி கேட்ட மேலாளரைப் பற்றிச் சொன்னான் மற்றொருவன். சோம்பலை ஒருவன்கூடக் காரணமாகச் சொல்லவில்லை. அவர்கள் வெறுத்தது உழைப்பை அன்று. உழைப்பின் பெயரால் தங்கள் தன்மதிப்பு குறைக்கப்படுவதை.

இது நம் ஊர்ப் பிள்ளைகளுக்கு மட்டும் வந்த நோயா? பெருந்தொற்றுக்குப் பின், 2021-ஆம் ஆண்டில் மட்டும் அமெரிக்காவில் 4 கோடியே 70 இலட்சத்துக்கும் மேற்பட்ட விலகல்கள் பதிவாயின. அதே ஆண்டில் சீன இளைஞர், ஓட்டப் பந்தயம் வேண்டாம் என்ற பொருளில் ‘படுத்துக்கொள்வோம்’ என்பதை முழக்கமாக்கினர். சாவு வாசல்வரை வந்துபோன பிறகு, “எதற்காக இப்படி உழைக்கிறோம்?” என்று மனிதன் கேட்டான். பகுத்தறிவாளர் பெர்ட்ரண்டு ரசல் 1932-லேயே இதைக் கேட்டுவிட்டார். எந்திரம் பெருகிய உலகில் நாளுக்கு நான்கு மணி நேர உழைப்பு போதும். எஞ்சிய பொழுது எல்லோருக்கும் ஓய்வாகட்டும், அறிவாகட்டும் என்று வாதாடினார். எந்திரத்தை வெறுக்காதீர், அது மனிதனின் பாடு குறைக்க வந்தது என்று பெரியார் இங்கே சொன்னதும் அதே திசையில்தான்.

ஆனால் நடந்தது என்ன? எந்திரம் வந்தது; ஓய்வு வரவில்லை. வாரம் 70 மணி நேரம் உழையுங்கள் என்றார் 2023-இல் நாராயண மூர்த்தி. 90 மணி நேரம் உழைத்தால் என்ன என்ற பேச்சு 2025 சனவரியில் எல் அண்டு டி தலைவரிடமிருந்து வந்தது. 1942-இல் அம்பேத்கர் தொழிலாளர் துறை உறுப்பினராக எட்டு மணி நேரத்துக்கு வழிகோலிய நாட்டில் இந்தப் பேச்சு! நம் சட்டமன்றத்திலேயே 2023 ஏப்ரல் 21-இல், பன்னிரண்டு மணி நேர வேலைக்கு இடம்தரும் திருத்தம் நிறைவேறியது; தொழிற்சங்கங்களும் தோழமைக் கட்சிகளும் எதிர்த்தன; மே நாளன்று அது திரும்பப் பெறப்பட்டது. திரும்பப் பெற்றது பாராட்டுக்குரியது. ஆனால், சிங்காரவேலர் 1923-இல் மே நாள் கொண்டாடிய சென்னையில், சரியாக நூறாண்டு கழித்து அப்படியொரு திருத்தம் வரவே நேர்ந்ததே, அதை மறக்கலாகாது. 2021-இல் கடைப் பணியாளருக்கு உட்கார நாற்காலி தரவேண்டும் என்று சட்டம் செய்ய வேண்டியிருந்த நாடு இது. உட்காரக்கூட உரிமையில்லாத வேலையை ஒருத்தி விட்டால் அது குற்றமாம்!

நம் கலை இதைப் பற்றி என்ன கூறியது? மூன்று தலைப்புகளை வரிசையாக வைத்துப் பாருங்கள். ‘வேலைக்காரி’, 1949, ‘வேலையில்லா பட்டதாரி’, 2014, ‘வேலைக்காரன்’, 2017. அண்ணாவின் ‘வேலைக்காரி’, பாத்திரம் தேய்க்கும் பெண்ணைத் தலைப்பிலே ஏற்றி, ஜமீன் வீட்டு ஆணவத்தை மேடையிலே உரித்துக் காட்டியது. அது பெரும் புரட்சி. ஆயினும் விமரிசனம் செய்கிறவன் ஒன்றைச் சொல்லியாக வேண்டும்: வேலைக்காரியின் கூலி உயரவில்லை; வேலைக்காரி மருமகளாக உயர்ந்தாள். ‘வேலையில்லா பட்டதாரி’யில் கட்டடப் பொறியியல் படித்தவன், படித்த துறையிலேயே வேலை வேண்டுமென்று காத்திருந்து வீட்டில் ஏச்சு வாங்குகிறான். ஏச்சு வாங்கும் காட்சிகளெல்லாம் உண்மை. ஆனால் வேலை கிடைத்ததும் படத்தின் கேள்வி தீர்ந்துபோகிறது. ஒருவன் வென்றான், திரை விழுந்தது. அவனைப் போன்ற ஆயிரம் பேர் அரங்கைவிட்டு வெளியே வந்து, மறுபடியும் வேலை தேடினர். ‘வேலைக்காரன்’ திரைக்கலையில் குறைபாடுள்ள படம், பிரசங்கம் மிகுதி. ஆனால் மற்ற இரண்டும் கேட்காத கேள்வியைக் கேட்டது: நான் செய்யும் பொருள் மக்களுக்கு நஞ்சானால், சம்பளத்துக்காக நான் அதைச் செய்யலாமா? வேலை எனக்கு என்ன தருகிறது என்பதோடு, என் வேலை ஊருக்கு என்ன செய்கிறது என்றும் கேட்கத் தொடங்கினால்தான் உழைப்பைப் பற்றிய சிந்தனை முதிர்ந்ததாகும்.

இனி, வேலையை விடும் தோழனிடமும் இரண்டு வார்த்தை பேச வேண்டும்.

தம்பி, நீ விட்டது தவறன்று. ஆனால் விட்டதாலேயே விடுதலை வந்துவிட்டது என்று மயங்காதே. ஆலை மேற்பார்வையாளனின் அதட்டல் பிடிக்காமல், உணவுப் பொட்டலம் சுமக்கும் இருசக்கர வண்டியில் ஏறிய இளைஞரை அம்பத்தூர் சாலைகளில் நாள்தோறும் காண்கிறேன். “கேட்க ஆளில்லை, அண்ணே” என்கிறார்கள். கேட்க ஆளில்லைதான், கைப்பேசி கேட்கிறது. எத்தனை நிமிடம், எத்தனை நட்சத்திரம் என்று கணக்கெடுக்கிறது. கண்ணுக்குத் தெரிந்த கங்காணி போய், கண்ணுக்குத் தெரியாத கங்காணி வந்திருக்கிறான்.

மற்றொரு மயக்கமும் உண்டு. “உன் மனத்துக்குப் பிடித்ததைச் செய், பணம் பின்னால் வரும்” என்று புதிய சாமியார்கள் உபதேசிக்கிறார்கள். கோட்டும் டையும் கட்டிய சாமியார்கள். யாருக்கு இந்த உபதேசம்? ஆறு மாதம் சம்பளமின்றி இருக்கச் சேமிப்புள்ளவனுக்கு. கழிவுநீர்த் தொட்டியில் இறங்குபவனுக்கு மனத்துக்குப் பிடித்தது எது என்று கேட்பாயா? 1993-லும் 2013-லும் அந்த இழிவேலையையே சட்டம் தடைசெய்தது. ஆயினும் தொட்டிகளில் சாவு ஓயவில்லை. ஆவடியும் பூந்தமல்லியும் அடங்கிய இதே திருவள்ளூர் மாவட்டத்தின் செங்கற்சூளைகளில், 1976-இல் கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் வந்த பின்னரும், முன்பணத்தால் கட்டுண்ட குடும்பங்கள் மீட்கப்பட்ட செய்திகள் வந்திருக்கின்றன. அவர்கள் விலக முடியாதவரை, உன் விலகல் உனக்குக் கிடைத்த சலுகை. அனைவருக்கும் கிடைத்த உரிமை அன்று.

அப்படியானால் வழி என்ன? விட்டு ஓடுவதும் பொறுத்துக் கிடப்பதும் தவிர மூன்றாவது ஒன்று இல்லையா?

உண்டு. அதைக் காட்டியவர்கள் ஆண்களும் அல்லர், புருஷ லட்சணம் பேசியவர்களும் அல்லர். 2021 டிசம்பரில், சுங்குவார்சத்திரத்தில் உள்ள ஃபாக்ஸ்கான் ஆலையில் கைப்பேசி செய்யும் பெண்கள் தங்கியிருந்த பூந்தமல்லி வட்டாரத்து விடுதி ஒன்றில், கெட்ட உணவு உண்டு 150-க்கும் மேற்பட்டோர் மருத்துவமனை சென்றனர். இருபது வயதை ஒட்டிய பெண்கள். பெரும்பாலோர் வெளிமாவட்டத்துச் சிற்றூர்களிலிருந்து வந்தவர்கள். சங்கம் இல்லை, தலைவர் இல்லை. மூட்டை கட்டிக்கொண்டு ஊருக்குப் போயிருக்கலாம். போகவில்லை. சென்னை – பெங்களூர் நெடுஞ்சாலையில் உட்கார்ந்தார்கள். விடிய விடிய உட்கார்ந்தார்கள். ஆலை மூடிற்று, ஆப்பிள் நிறுவனம் அந்த ஆலையைத் தன் கண்காணிப்புப் பட்டியலில் வைத்தது, விடுதிகளைச் சீர்செய்வதாக உறுதி கூறிய பிறகே 2022 சனவரியில் ஆலை மீண்டும் இயங்கிற்று. வேலையை அவர்கள் விடவில்லை. அதன் நிபந்தனையை ஏற்க மறுத்தார்கள். தனியாக விலகியிருந்தால் அடுத்த நாளே வேறொருத்தி அந்த இடத்தில் நின்றிருப்பாள். சேர்ந்து மறுத்ததால் உலகம் திரும்பிப் பார்த்தது.

விலகல்கூட அப்படிப் பயனுள்ளதாகலாம். வெஸ்லி பள்ளியில் தமிழாசிரியராயிருந்த திரு.வி.க., அந்தப் பணியை விட்டு 1917-இல் ‘தேசபக்தன்’ ஏட்டுக்கு ஆசிரியரானார். மறு ஆண்டு ஏப்ரலில் சென்னைத் தொழிலாளர் சங்கம் பிறந்தபோது அதன் முன்னணியில் நின்றார். பெரம்பூர் ஆலைத் தொழிலாளர் முதுகு நிமிர்ந்தது. அவரைப் பார்த்தும் அன்று யாரேனும், “உத்தியோகம் புருஷ லட்சணம்” என்று முணுமுணுத்திருக்கக் கூடும். முணுமுணுத்தவர் பெயர் யாருக்குத் தெரியும்?

ஆகவே நான் கூறுவது இவ்வளவே. ஒரு வேலை நல்ல வேலையா என்றறிய மூன்று கேள்வி போதும். அதைச் செய்பவர் தன்மதிப்போடு நிற்க முடிகிறதா? அது ஊருக்கு நன்மை செய்கிறதா? வேண்டாமென்றால் பட்டினிக்கும் பழிக்கும் அஞ்சாமல் விலக முடியுமா? மூன்றாவது கேள்விக்கு ‘இல்லை’ என்பது விடையானால், சம்பளம் எவ்வளவானாலும் அது கொத்தடிமைத்தனத்தின் தங்கையே.

பெரியவர்களே! அடுத்த முறை தெருவில் ஒருவன் வேலையை விட்டு வந்தால், தீர்ப்பளிக்கும் முன் அவனை உட்காரவைத்து, “அங்கே என்ன நடந்தது?” என்று கேளுங்கள். தோழர்களே! அவன் கூறும் விடையைக் கேட்டுவிட்டு, “ஐயோ பாவம்” என்று கலைந்துவிடாதீர்கள். அதே ஆலையில் அதே கொடுமையை அனுபவித்துக்கொண்டு, விலக வழியின்றி நிற்கும் நூறு பேரைத் தேடிப் போங்கள். சங்கம் வேண்டும், சட்டம் வேண்டும், எட்டு மணி நேரம் எட்டே மணி நேரமாக வேண்டும். அவை வரும் நாளில் இந்தப் பழமொழியை மறுக்க ஒரு கட்டுரை தேவைப்படாது.